கல் ஒரு சாண் நகர்வதைக் காட்டும் படங்கள்

வாசகர் கடிதம்

வணக்கம் ஐயா,

உவர்மலையில் நண்பர் ஒருவரின் வீட்டு மண்டபத்தில் மாதம் இரண்டு தடவை படம் போட்டுப் பார்க்கிறோம். அடுத்த சுற்றுக்குப் பழங்காலப் பெருங்கட்டடங்களை எடுப்போம் என்று தீர்மானித்திருக்கிறோம். பிரமிட், கோயில், தூபி, குளம் எதுவானாலும் சரி, அதைக் கட்டியே தீரவேண்டும் என்று மனிதரைப் பிடித்து ஆட்டிய வேட்கை படத்தில் தெரியவேண்டும். இதுவரை பார்த்தவற்றில் சவுக்கு, கூட்டம், முரசு, அடுத்த காட்சியில் கட்டி முடிந்த கோபுரம், இவ்வளவுதான். எந்தப் படங்களைப் போடலாம்? அவற்றில் எதைக் கவனிக்கவேண்டும்? கோணேசர் மலையும் கந்தளாய்க் குளமும் இருக்கிற எங்கள் மாவட்டத்தைப் பற்றி அப்படியொரு படம் ஏன் வரவில்லை?

சி., திருகோணமலை

பதில்

அன்புள்ள சி.,

சவுக்குக் காட்சி அலுப்புத் தருவதற்குக் காரணம் இருக்கிறது. அடிக்கிறவனையும் அடிவாங்குகிறவனையும் பார்த்துக்கொண்டிருக்கும்போது கல்லை யாரும் பார்ப்பதில்லை. கல் எத்தனை தொன், எதன்மேல் உராய்கிறது, கயிறு எங்கே கட்டப்பட்டிருக்கிறது, மாலையில் ரொட்டியை எண்ணிக் கொடுப்பவர் யார் என்பதெல்லாம் தெரியாமல் அரசனின் ஆசை எவ்வளவு பெரிது என்று எப்படி அறிவது? முடிந்த கட்டடம் அதிகாரத்தைக் காட்டும். ஆசை தெரிவதற்குக் கல் ஒரு சாண் நகரவேண்டும். அந்த ஒரு சாணுக்கு என்ன செலவானது என்பதும் தெரியவேண்டும். என் தெரிவுகள் எல்லாம் இந்த அளவுகோலில்தான்.

முதலில் ஒரு கணக்கு. எகிப்திய அரசன் கூபுவின் பெரிய பிரமிட்டில் ஏறத்தாழ 23 இலட்சம் கற்கள். சராசரி எடை இரண்டரைத் தொன். 20 ஆண்டுகள் ஒருநாளும் விடாமல் வேலை நடந்தது என்று வைத்தாலும் நாளொன்றுக்கு 315 கல். பத்து மணி நேர வேலைநாள் என்றால் இரண்டு நிமிடத்துக்கு ஒரு கல் தன் இடத்தில் போய் உட்காரவேண்டும். சவுக்கால் ஆகிற காரியமா இது? படகு, சறுக்குச்சட்டம், ரொட்டி, பியர், கணக்கெழுதுகிறவர் எல்லாம் பிசகாமல் ஓடவேண்டும். 2013இல் செங்கடற்கரையில் வாதி அல்-ஜார்ப் என்ற இடத்தில் கிடைத்த பபைரஸ் ஏடுகளில் மெரேர் என்ற மேற்பார்வையாளரின் நாட்குறிப்பு இருக்கிறது. ஏறத்தாழ நாற்பது பேர் கொண்ட தன் அணியுடன் துராவிலிருந்து கீசாவுக்குச் சுண்ணாம்புக்கல் ஏற்றிய கணக்கு அது. பத்து நாளுக்கு இரண்டு மூன்று நடை. இதை முதலில் உங்கள் வட்டத்தில் ஐந்து நிமிடம் பேசிவிட்டுப் படத்தைப் போடுங்கள்.

தொடங்கவேண்டிய படம் ஹொவார்ட் ஹோக்ஸ் இயக்கிய ‘லான்ட் ஒப் த பாரோஸ்’ (1955). திரைக்கதையில் வில்லியம் போக்னரின் பெயரும் இருக்கிறது. அரண்மனைப் பகுதிகள் இன்று பார்க்கச் சற்றுக் கேலியாகத்தான் இருக்கும், பொறுத்துக்கொள்ளுங்கள். கல்லுடைக்கும் இடத்துக் காட்சிகளில் ஆயிரக்கணக்கான துணைநடிகர்கள் உண்மையாகவே நின்று இழுக்கிறார்கள். சில காட்சிகளை சாவியெத் எல்-அர்யானில் பாதியில் கைவிடப்பட்ட ஒரு பிரமிட்டின் குழியிலேயே எடுத்தார்கள். முதலில் பாடிக்கொண்டு வேலைக்கு வருகிற சனம், ஆண்டுகள் போகப் போகச் சவுக்குக்குக் கீழே வருகிறது, கருவூலமும் காலியாகிறது. சவுக்கு இங்கே கடைசியில்தான் வருகிறது என்பதைக் கவனியுங்கள். ஆசை எப்போது கடனாக மாறியது என்று அது காட்டுகிறது.

கல்லறையை மூடும் பொறிமுறைக்காகவே இந்தப் படத்தை இரண்டு தடவை பார்க்கலாம். பாரக்கற்கள் மணலின்மேல் நிற்கின்றன. மண்பாண்ட அடைப்பை உடைத்ததும் மணல் ஓடி வெளியேற, கற்கள் மெல்ல இறங்கி வழிகளை அடைக்கின்றன. பெரிய பிரமிட்டில் இப்படி ஒரு ஏற்பாடு இல்லை. அங்கே ஏறுபாதையைக் கருங்கல் அடைப்புகளாலும், அரசனின் அறைக்கு முன்னால் மேலிருந்து இறக்கும் கற்பலகைகளாலும் மூடினார்கள். ஆனால் மணலை வெளியேற்றிப் பாரத்தை இறக்கும் முறை எகிப்தியருக்குத் தெரிந்ததுதான். மிகப் பிந்திய காலத்துச் சக்காராக் கல்லறைகளில் பேழை மூடிகளை அப்படி இறக்கியிருக்கிறார்கள். மணலால் பாரத்தை ஏற்ற முடியாது, இறக்கத்தான் முடியும். திறந்த பிறகு நிறுத்துவதும் கடினம். அந்தத் திரும்பி வர முடியாத தன்மையைப் படம் நன்றாகப் பிடித்திருக்கிறது.

டெமிலின் ‘த டென் கொமான்ட்மென்ட்ஸ்’ (1956) 220 நிமிடம். முழுவதையும் போட நேரமில்லையென்றால் முதற்பாதி போதும். கல்லுக்கு முன்னால் எண்ணெய்ப்பசை பூசும் வேலை கிழவிகளுக்குத்தான். ஒருத்தியின் துணி கற்களுக்கிடையே மாட்டிக்கொள்ள, கல்லை நிறுத்துவதா இல்லையா என்று வாக்குவாதம். பாரத்தை நிறுத்தினால் மறுபடி கிளப்ப அதிக இழுவை வேண்டும். மேற்பார்வையாளனின் கொடூரத்துக்குப் பின்னால் அந்தக் கணக்கும் இருக்கிறது. அடுத்து, தராசின் ஒரு தட்டில் இளவரசன் குற்றச்சாட்டுக்கு ஒன்றாக எடைக்கற்களை வைத்துக்கொண்டே போக, மோசே மறுதட்டில் ஒரு செங்கல்லை வைக்கிற காட்சி. தானியமும் ஓய்வுநாளும் கொடுத்ததால் வேலை கூடியது என்பது அவன் வாதம். ஹொலிவூட்டில் கட்டுமானப் பொருளாதாரத்தை இவ்வளவு சுருக்கமாக வேறு யாரும் சொல்லவில்லை என்பேன்.

எண்ணெய்ப்பசைக்குப் பதிலாகப் பழைய ஓவியம் காட்டுவது தண்ணீரை. எகிப்திய மாகாணத் தலைவர் தெஹூதிஹோதெப்பின் கல்லறைச் சுவரில் ஒரு பெருஞ்சிலையைச் சறுக்குச்சட்டத்தில் 172 பேர் இழுக்கிறார்கள். சிலையின் எடையை 58 தொன் என்று மதிப்பிடுகிறார்கள். சட்டத்தின் முன்நுனியில் நின்று ஒருவர் தண்ணீர் ஊற்றுகிறார். 2014இல் ஆம்ஸ்டர்டாம் பல்கலைக்கழகத்தார் இதைச் சோதித்தார்கள். காய்ந்த மணல் சட்டத்துக்கு முன்னால் குவிந்து அதுவே அணையாகிவிடும். அளவாக, நூற்றுக்கு இரண்டு முதல் ஐந்து பங்கு ஈரம் இருந்தால் மணல் இறுகி இழுவை பாதியாகும். அதற்குமேல் ஊற்றினால் மணல் இளகிச் சட்டம் புதையும். ஆக, தண்ணீர்க் குடத்தோடு நிற்கிறவர்தான் அந்த அணியிலேயே அனுபவசாலி. எந்தப் படத்திலாவது அவருக்கு நெருக்கக் காட்சி கிடைத்தால் எனக்கு எழுதுங்கள்.

பேசாப்படங்களில் ‘கபீரியா’ (1914), ‘இன்டொலரன்ஸ்’ (1916) இரண்டும் கட்டுமானத்தைக் காட்டவில்லை. தாமே கட்டுமானமாக இருக்கின்றன. ‘இன்டொலரன்ஸ்’ இயக்கிய கிரிபித் பாபிலோன் அரங்கைப் படம்பிடிக்கத் தண்டவாளத்தில் ஓடும் கோபுரத்தில் மின்தூக்கி வைத்து, கமரா முன்னேறும்போதே கீழிறங்கும்படி செய்தார். அந்த அரங்கு படம் முடிந்தும் சில ஆண்டுகள் ஹொலிவூட்டில் நின்றது. டெமில் தன் 1923 படத்துக்குக் கலிபோர்னிய மணல்மேட்டில் எழுப்பிய எகிப்து மணலுக்குள் புதைந்து, பின்னர் அதைத் தொல்லியலாளர்களே தோண்டினார்கள். பிரிட்ஸ் லாங்கின் ‘மெற்றோபொலிஸ்’ (1927) படத்தின் பாபேல் கோபுரப் பகுதி சில நிமிடங்கள்தான். கனவு கண்டவர்களை இழுத்தவர்களுக்குத் தெரியாது, இழுத்தவர்களைக் கனவு கண்டவர்களுக்குத் தெரியாது என்பதை மொட்டையடித்த தலைகளின் வரிசையால் சொல்லிவிடுகிறார் லாங்.

போலந்துக்காரர் கவலெரோவிச்சின் ‘பாரோன்’ (1966) படத்தைத் தவறவிடாதீர்கள். பாலைவனத்தில் படை போகும் வழியில் இரண்டு வண்டுகள் குறுக்கிடுகின்றன. புனித வண்டுகள் என்பதால் படை வழியை மாற்றுகிறது. மாற்றுவழியில் இருந்த வாய்க்காலைத் தூர்க்கிறார்கள். அதைப் பல ஆண்டுகள் தனியாக வெட்டியவன் ஓர் அடிமை. வெட்டி முடித்தால் விடுதலை என்று அவனுக்கு வாக்குக் கொடுத்திருந்தார்கள். அவன் தூக்குப் போட்டுக்கொள்கிறான். பெருங்கட்டடம் ஒன்றும் இல்லாமல், மண்வெட்டியும் ஒரு மனிதனும் மட்டும் வைத்து இவ்வளவும் சொல்லிவிட்டார்.

இனிச் சொல்லும் இரண்டும் பழங்காலத்தைப் பற்றியவை அல்ல. ஆனாலும் நீங்கள் கேட்ட வேட்கை இவற்றில்தான் அதிகம். ஹெர்சோக்கின் ‘பிட்ஸ்கரால்டோ’ (1982) படத்தில் 320 தொன் நீராவிக்கப்பலை ஒரு குன்றின்மேல் ஏற்றி மறுபக்க ஆற்றில் இறக்குகிறார்கள். பிரிட்டனியில் கார்னாக் நெடுங்கற்களைப் பார்த்து, இவற்றை எப்படி நகர்த்தியிருப்பார்கள் என்று யோசித்ததில் எழுந்த எண்ணம் என்று ஹெர்சோக் சொல்லியிருக்கிறார். உண்மைக் கதையின் கப்பல் 30 தொன் அளவுதான். அதையும் கழற்றித் துண்டுகளாகக் கொண்டுபோனார்கள். இவர் முழுதாக இழுத்தார், அதுவும் 40 பாகைச் சரிவில். 20 பாகைக்குமேல் ஆபத்து என்று சொன்ன பொறியியலாளர் விலகிப்போனார். இழுக்கும் காட்சிகளில் கப்பலைப் பார்க்காதீர்கள். கயிறு கட்டிய தூண் நடப்பட்ட மண்ணைப் பாருங்கள். மழையில் நனைந்த மண் தூணைப் பிடிக்காது. தூண் சாய்ந்தால் கப்பி பயனில்லை. விறைத்த கயிறு அறுந்தால் அருகில் நிற்கிறவருக்கு உயிர்மிஞ்சாது.

தர்க்கோவ்ஸ்கியின் ‘அந்திரேய் ரூபிளோவ்’ படத்தில் கடைசியில் வரும் மணி வார்ப்பை மட்டும் தனியாகப் போட்டாலும் சரி. தந்தையின் இரகசியம் தனக்குத் தெரியும் என்று சொல்லிப் பொறுப்பை வாங்கிக்கொண்ட பையன் சரியான களிமண்ணுக்காக நாட்கணக்கில் அலைகிறான். வேலையாட்கள் அவசரப்படுத்துகிறார்கள், அவன் மசிவதில்லை. அந்தப் பிடிவாதத்துக்குத் தொழில்நியாயம் உண்டு. அச்சில் ஈரம் இருந்தால் உருகிய வெண்கலம் பட்டதும் ஆவி வெடிக்கும். சுற்றிலும் மண்ணை இறுக்காவிட்டால் உலோகத்தின் பாரத்தில் அச்சு பிளக்கும். உலைகளை ஒன்றுசேரத் திறக்காவிட்டால் இடையில் ஆறி, வார்ப்பில் கோடு விழும். மணி அடித்த பிறகு அவன் அழுதுகொண்டே சொல்வதை இங்கே எழுதமாட்டேன்.

எங்களிடம் ஏன் இல்லை? கட்டியவர்களை எங்கள் படங்கள் அரண்மனைக்குள்ளேயே வைத்திருந்தன. லெஸ்டர் ஜேம்ஸ் பீரிஸின் ‘த கோட் கிங்’ (1974) சிகிரியாவைக் கட்டிய காசியப்பனைப் பற்றியது. கதை ஓடுவது அண்ணன் தம்பிப் பகையில். தமிழின் முதல் சினிமாஸ்கோப் படமான ‘ராஜராஜ சோழன்’ (1973) சூழ்ச்சியிலும் மகளின் திருமணத்திலும் நேரத்தைச் செலவிடுகிறது. தஞ்சைக் கல்வெட்டில் குஞ்சரமல்லன் இராசராசப் பெருந்தச்சன் என்று பெயரே இருக்கிறது. ஆடவல்லான் என்ற எடைக்கல்லால் நகைகளை நிறுத்த கணக்கும், அக்கன் கொடுத்ததும் பெண்டுகள் கொடுத்ததும் என்று கொடைப்பட்டியலும் இருக்கின்றன. கோயிலுக்கு அளக்கவேண்டிய ஈழமண்டலத்து ஊர்களின் வரிசையில் உங்கள் கொட்டியாரமும் வருகிறது. இதையெல்லாம் விட்டுவிட்டு உச்சியில் 80 தொன் ஒற்றைக்கல் என்ற கதையையே திரும்பத் திரும்பச் சொல்கிறோம். அந்தச் சிகரம் பல கற்களால் ஆனது.

மகாவம்சத்தில் ருவன்வெலிசாய என்ற தூபியைக் கட்டிய அத்தியாயங்கள் ஏறத்தாழ எழுதி முடித்த திரைக்கதை. அத்திவாரத்தில் உருண்டைக் கற்களைப் பரப்பிச் சுத்தியலால் உடைத்து, தோல் கட்டிய காலோடு யானைகளை மிதிக்கவிடுகிறார்கள். நாளைக்கு ஒரு வண்டி மணல் செலவழிப்பேன் என்ற கொத்தனாரை அரசன் அனுப்பிவிடுகிறான். உரலில் இடித்து, சலித்து, திரிகையில் அரைத்து மிகக் கொஞ்ச மணலில் முடிப்பேன் என்றவருக்கே வேலை கிடைக்கிறது. தூபியில் புல் முளைக்கக்கூடாது என்பது அரசனின் எண்ணம். எழுந்த மேடை ஒன்பது தடவை தரைமட்டத்துக்கு இறங்கியது, துறவிகளின் சித்தியால் என்கிறது நூல். பாரத்தில் மண் அமிழ்ந்து இறங்கும் என்பது தெரிந்த எவரும் அதை வேறுவிதமாகவும் வாசிப்பார்.

கந்தளாயைப் பற்றிய கதையில் குளக்கோட்டனுக்காகப் பூதங்கள் வந்து கட்டுகின்றன. சிங்கள வரலாற்று நூல்கள் ஏழாம் நூற்றாண்டின் இரண்டாம் அக்கிரபோதியைச் சொல்கின்றன. இரண்டிலும் மண் சுமந்தவர் இல்லை. குளக்கட்டை எடுப்பதென்றால் காட்சிகள் தயாராகவே இருக்கின்றன. வேரோடு மேல்மண்ணை அகற்றாவிட்டால் வேர் உக்கி, அந்தப் பொந்து வழியே நீர் போகும். மண்ணை மெல்லிய படையாகப் போட்டு, அளவாக நனைத்து மிதிக்கவேண்டும். நீர் வெளியேறும் துருசின் கல்லும் கட்டின் மண்ணும் சேரும் இடம்தான் மிகப் பலவீனமானது: கசிவு அங்கே தொடங்கி, நுண்மண்ணை இழுத்துக்கொண்டு குழாயாகப் பெருக்கும். 1986 ஏப்ரல் 20இல் கந்தளாய்க் கட்டு உடைந்து நூற்றுக்கு மேற்பட்டோர் இறந்ததை அறிந்த மாவட்டத்தில் இந்தக் காட்சிக்கு விளக்கம் வேண்டியதில்லை. கோணேசர் கோயிலுக்கோ நேர்மாறான படம் பொருந்தும். 1620களில் போர்த்துக்கேயர் இடித்த கற்கள் கோட்டைக்குள் போயின. கல்லைக் கல்லாகப் பிரிப்பதைக் காட்டினால் கட்டிய உழைப்பும் தெரியும். உங்கள் கடலில் எடுத்த ‘ரன்முத்து தூவ’ (1962), முதலாவது சிங்கள வண்ணப்படம், நீருக்கடியில் புதையல் தேடுகிறது. இந்தச் சுற்றில் இளைப்பாற அதைச் சேர்க்கலாம்.

போடும்போது சில விடயங்கள். 1955 படம் 2.55க்கு 1 அளவு. பத்தடி அகலத் திரையில் உயரம் நான்கடிகூட வராது. பேசாப்படங்களுக்கு அதே அகலத்தில் ஏழரை அடி உயரம் வேண்டும். ஆகவே துணியை உயரத்துக்கேற்ப வெட்டி, அகலப்படங்களுக்கு மேலும் கீழும் கறுப்புத்துணியால் மறையுங்கள். நொடிக்கு 16 படச்சட்டம் என்ற வேகத்தில் எடுத்த படத்தை 24இல் ஓட்டும் பிரதிகளைத் தவிருங்கள்: ஒன்றரை மடங்கு வேகத்தில் எல்லோரும் துள்ளுவார்கள், எந்தப் பாரமும் பாரமாகத் தெரியாது. ‘மெற்றோபொலிஸ்’ என்றால் 2010 மீளமைப்பு. ரூபிளோவ் போடும் நாளில் தொலைக்காட்சியின் சொந்த ஒலிபெருக்கியை நம்பாமல், கோயில் திருவிழாவுக்கு வாடகைக்கு விடுகிறவரிடம் ஒரு நல்ல பெட்டி எடுங்கள். மணியின் அடிநாதம் சின்னப் பெட்டியில் வராது.