செரோக்கி வரலாறு படித்தால் வேலை கிடைக்குமா?

அன்புள்ள அம்மா,

அமெரிக்காவின் வட கரோலினாவில் பள்ளிப் படிப்பை முடிக்கப்போகும் உங்கள் மகள், அங்குள்ள பழங்குடிகளான செரோக்கி மக்களின் வரலாற்றை ஆராய்ந்து பாதுகாக்கும் வேலைக்குத்தான் போவேன் என்கிறாள். "இதை நம்பிப் பிழைக்க முடியுமா?" என்று கேட்டிருக்கிறீர்கள். முடியும். ஆனால் வழி கொஞ்சம் நீளம்.

பழங்குடிகளின் கல்லறைகளிலிருந்து எடுத்த எலும்புகளையும் புனிதப் பொருட்களையும் உரியவர்களிடம் திருப்பித் தர வேண்டும் என்று 1990-இல் அமெரிக்காவில் சட்டம் வந்தது. 2024 ஜனவரியில் விதிகள் இன்னும் இறுகின. இப்போது அவற்றைக் காட்சிக்கு வைக்கவோ ஆராயவோகூட அந்த மக்களின் ஒப்புதல் வேண்டும். அதனால் அருங்காட்சியகங்களும் பல்கலைக்கழகங்களும் இதற்கென்றே ஆள் வைக்கின்றன. ஆவணக் காப்பகம் இன்னொரு வாசல். அங்கே பெரும்பாலும் நூலக அறிவியலில் முதுகலைப் பட்டம் கேட்பார்கள். செரோக்கிகளின் சொந்த நிறுவனங்களில் பழங்குடியினருக்கே முன்னுரிமை. அது நியாயம்தான். மகளுக்கும் இதை இப்போதே சொல்லிவிடுங்கள்.

பட்டத்துக்கும் முன்னால் மொழி. ஆங்கிலம் படிக்கத் தெரியாத செக்கோயா என்ற செரோக்கிக்காரர், 1821-இல் தன் மொழிக்குத் தனியாளாக எழுத்து உருவாக்கி முடித்தார். இன்று புழங்குபவை 85. பெரும்பாலானவை நம் உயிர்மெய்போல முழு அசையைக் குறிப்பவை. 1828-இல் அதே எழுத்தில் செய்தித்தாளே வந்துவிட்டது. பத்தே ஆண்டில் அமெரிக்க அரசு அந்த மக்களை மண்ணைவிட்டுத் துரத்தியது. முகாம்களிலும் வழியிலுமாக ஏறத்தாழ 4,000 பேர் மாண்டதாகக் கணிப்பு. துரத்தியவர்களின் ஆவணங்கள் ஆங்கிலத்தில் கிடைக்கும். செரோக்கிகள் தங்களுக்குள் எழுதிக்கொண்ட கடிதங்களும் வைத்தியர்களின் குறிப்பேடுகளும் செரோக்கியில்தான் இருக்கின்றன. அந்தக் குறிப்பேடுகளில் வெளியார் பார்க்கக் கூடாத மந்திரங்களும் உண்டு. வாசிக்கத் தெரிந்தும், அவர்கள் வேண்டாம் என்றால் வெளியிடாமல் மூடிவைக்கும் பக்குவம் வேண்டும். என்னைக் கேட்டால், இந்த வேலைக்கு முதல் தகுதி அதுதான்.

செலவைப் பற்றிப் பயம் வேண்டாம். செரோக்கி என்றே பெயர்கொண்ட ஊருக்குப் பக்கத்திலேயே இருக்கும் வெஸ்டர்ன் கரோலினா பல்கலைக்கழகத்தில் செரோக்கி ஆய்வுக்கெனத் தனிப் பிரிவு உண்டு, மொழியும் கற்றுத்தருகிறார்கள். மாநிலவாசிகளுக்குக் கல்விக் கட்டணம் பருவத்துக்கு 500 டாலர்தான். விடுதி, சாப்பாடு, மற்ற கட்டணங்கள் தனி. உங்கள் விசாவுக்கு அந்தச் சலுகை பொருந்துமா என்று சேர்க்கை அலுவலகத்தில் கேட்டுக்கொள்ளுங்கள்.

விண்ணப்பிப்பதற்கு முன், ஒரு சனிக்கிழமை அவளைச் செரோக்கி ஊர் அருங்காட்சியகத்துக்கு அழைத்துப் போங்கள். பக்கத்தில்தான் கிடுவா. தங்கள் தாய் ஊர் என்று செரோக்கிகள் போற்றும் அந்த நிலத்தை 1996-இல் விலை கொடுத்துத் திரும்ப வாங்கினார்கள். வாசலில் இறக்கிவிட்டுத் திரும்பிவிடாமல், நீங்களும் கூடவே இருந்து பாருங்கள்.