இண்டி திகில் கேம்களில் குற்ற உணர்வும் இருண்ட தேவதைக் கதையும் ஏன் சேர்ந்தே வருகின்றன?

பெரிய நிறுவனப் பணம் இல்லாமல் சிறு குழு செய்வது இண்டி கேம். அதில் உளவியல் திகில் என்றால் பேய் துரத்துவது முக்கியமில்லை. செய்த தப்பே துரத்தும். எங்கள் திருவாலங்காட்டுப் பக்கத்துப் பழையனூர் நீலி கதை மாதிரி: தன்னைக் கொன்றவனை அடுத்த பிறவியிலும் விடாமல், மனைவியாகவே வந்து உரிமை கேட்கிறாள்.

தேவதைக் கதை எதற்கு? 'போகாதே, திறக்காதே' என்ற தடை அதில் தயாராக இருக்கிறது. சினிமாவில் அதை மீறுவது வேறு யாரோ. கேமில் பட்டனை அழுத்துவது நம் விரல், அதனால் உறுத்தலும் நமக்கே. 2009-இல் வந்த 'தி பாத்' என்ற இண்டி கேம், காட்டு வழியே பாட்டி வீட்டுக்குப் போகும் சிவப்புத் தொப்பிச் சிறுமி கதையை எடுத்துக்கொண்டு 'பாதையை விட்டு விலகாதே' என்கிறது. விலகாமல் பாட்டி வீடு சேர்ந்தால் தோற்றுவிட்டாய் என்கிறது! என்ன குசும்பு.

இந்த கேம்களின் ஓவியம் அம்புலிமாமா போல இருப்பதால் பிள்ளைகளுக்கானது என்று நினைக்காதீர்கள். வயது வரம்பைப் பார்த்துவிட்டு வாங்குங்கள்.