காலத்தைக் கட்டிப்போடும் படிகம் உண்டா?

கேள்வி: அறிவியல் புனைகதை ஒன்று எழுதிக்கொண்டிருக்கிறேன். அதில் வரும் படிகத்தைச் சரியான சுருதியில் அதிரவைத்தால் காலமே நின்றுவிடும். இதற்கு நிஜத்தில் ஏதாவது அடிப்படை உண்டா, இல்லை முழுக்கக் கற்பனைதானா?
– கல்லூரி மாணவி, திருநெல்வேலி

பதில்: காலம் நிற்பது கற்பனைதான். ஆனால் அதிர்ந்துகொண்டே காலத்தை அளக்கிற படிகம் நிஜம், அநேகமாக உங்கள் வீட்டுச் சுவரிலேயே தொங்குகிறது. ஓடாத பழைய சுவர்க்கடிகாரம் இருந்தால் பின்னால் இருக்கும் கறுப்புப் பெட்டியைத் திறந்து பாருங்கள். அரிசியைவிடக் கொஞ்சம் பெரிதாக, வெள்ளி நிறத்தில், இரண்டு மெல்லிய கம்பிக் கால்களோடு ஒரு குட்டி உருளை தெரியும். அதற்குள் காற்றை உறிஞ்சி எடுத்துவிட்டு, இசைக்கவை (தட்டினால் ஒரே சுருதியில் ஒலிக்கும் இரு கிளைக் கருவி) வடிவத்தில் வெட்டிய குவார்ட்ஸ் படிகத் துண்டு ஒன்றை வைத்து மூடியிருக்கிறார்கள். முதல்முறை பார்த்தபோது, இத்தனை சின்னதா என்று ரொம்ப நேரம் உள்ளங்கையிலேயே வைத்திருந்தேன்.

சில படிகங்களை அழுத்தினால் மின்னேற்றம் உண்டாகும் என்று 1880இல் பாரிஸில் ஜாக் கியூரி, பியேர் கியூரி சகோதரர்கள் கண்டுபிடித்தார்கள். மின்சாரம் கொடுத்தால் படிகம் நெளியும் என்பது மறுவருடமே உறுதியானது. சரி, நீங்கள் கேட்ட 'சரியான சுருதி', அதாவது ஒத்ததிர்வு, இதில் எங்கே வருகிறது? தம்புராவில் சாரணியை மீட்டினால் அதே சுருதியில் சேர்ந்திருக்கும் அனுசாரணியும் தானாக லேசாக அதிரும், கவனித்திருப்பீர்கள். குவார்ட்ஸுக்கும் அப்படிச் சொந்தமாக ஒரு சுருதி உண்டு. அந்த வேகத்தில் மின்சாரம் தட்டிக்கொடுத்தால், பேட்டரியின் துளி சக்தியிலேயே வருடக்கணக்கில் அதிரும்.

1927இல் அமெரிக்காவின் பெல் ஆய்வகத்தில் வாரன் மாரிசன் முதல் குவார்ட்ஸ் கடிகாரத்தைச் செய்தார். அது கைக்கடிகாரமாகக் கடைக்கு வர 42 வருடம் ஆனது. 1969 டிசம்பர் 25 அன்று ஜப்பானில் செய்கோ நிறுவனத்தின் ஆஸ்ட்ரான் வெளிவந்தது. விலை 4,50,000 யென், அன்றைக்கு ஒரு சின்னக் கார் வாங்குகிற பணம்.

கதைக்கு ஒரு யோசனை. இந்தக் குட்டிக் கவை ஏறத்தாழ 25 டிகிரியில்தான் சரியாக அதிரும். வெயில் ஏறினாலும் குளிர் கூடினாலும் இரண்டுக்குமே கொஞ்சம் மெதுவாகிவிடும். உங்கள் படிகத்துக்கும் இப்படி ஒரு பலவீனம் கொடுங்களேன், கதை உடனே நம்பும்படியாகிவிடும்.

கேள்வி: கடிகாரப் படிகம் நொடிக்கு 32,768 தடவை அதிர்கிறதாமே, அதென்ன கணக்கு?
– வாசகர், தஞ்சாவூர்

பதில்: பாதி, பாதியில் பாதி என்று 15 தடவை வகுத்துப் பாருங்கள், கடைசியில் மிச்சம் 1. உள்ளே இருக்கும் சில்லு அதைத்தான் செய்கிறது, அந்த ஒன்றுதான் ஒரு நொடி. நம் காது 20,000க்கு மேல் கேட்காது, அதனால் படிகத்தின் சத்தம் நமக்குத் தெரிவதில்லை. நாம் கேட்கிற 'டிக் டிக்' முள்ளை நகர்த்தும் குட்டி மோட்டாருடையது.

கேள்வி: 'காலப் படிகம்' என்று படித்தேன். அதுவும் குவார்ட்ஸ்தானா?
– பள்ளி ஆசிரியர், மதுரை

பதில்: இல்லை, அது வேறு. சாதாரணப் படிகத்தில் அணுக்கள் இடத்தில் ஒரே ஒழுங்கில் திரும்பத் திரும்ப வரும். அதே ஒழுங்கு காலத்திலும் வரலாமே என்று 2012இல் இயற்பியலாளர் ஃபிராங்க் வில்செக் கேட்டார். அவர் முதலில் சொன்ன வடிவம் சாத்தியமில்லை என்று பிறகு நிரூபித்துவிட்டார்கள். ஆனால் மாற்றிய வடிவம் ஒன்றை மேரிலாண்ட், ஹார்வர்ட் குழுக்கள் செய்து காட்டி, 2017இல் முடிவுகளை வெளியிட்டன. சீராகத் தட்டத் தட்ட, அவர்களுடைய அணுக்கள் இரண்டு தட்டுக்கு ஒருமுறைதான் பழைய நிலைக்குத் திரும்பின, தட்டுவதில் சின்னப் பிசகு வந்தாலும் அந்தத் தாளம் கலையவில்லை. அதிலிருந்து சக்தி எதுவும் எடுக்க முடியாது.