பனியா, பணியா? மங்கிலீஷ் கதைகள்: வாசகர் கேள்வி பதில்

அம்மா வழியில் மலையாளம் பேச வரும், எழுத்து தெரியாது. பாலக்காட்டுச் சொந்தங்கள் வாட்ஸ்அப் குழுவில் தொடர்கதைகளை இங்கிலீஷ் எழுத்தில் அனுப்புகிறார்கள். வரிக்கு வரி தடுக்குகிறது. என்ன செய்யலாம்?
— வாசகி, பெரம்பூர்

கோளாறு மங்கிலீஷில்தான், அதாவது மலையாளத்தை ஆங்கில எழுத்தில் எழுதும் முறையில். ஒரு எஸ்.எம்.எஸ்.ஸில் ஆங்கில எழுத்து 160 பிடிக்கும், மலையாள எழுத்து 70தான். அந்த நாள் சிக்கனம் இன்னும் கையை விடவில்லை. அவரவர் மனம்போல் தட்டுகிறார்கள்.

ண, ன இரண்டுக்கும் ஒரே 'என்'. ல, ள இரண்டுக்கும் ஒரே 'எல்'. 'பி-ஏ-என்-ஐ' என்று வந்தால் பணியும் ஆகலாம், பனியும் ஆகலாம். மலையாளத்தில் பனி என்றால் காய்ச்சல். கதாநாயகி வராமல் போனது வேலையாலா காய்ச்சலாலா என்று அடுத்த வரிதான் சொல்லும். இரட்டை 'டி' இன்னும் மோசம்: ட்ட, ற்ற இரண்டுக்கும் அதுவே. 'என்ன ஆச்சு' என்று கேட்கும் "எந்து பற்றி?"யில் வரும் பற்றியும், நாயைக் குறிக்கும் பட்டியும் திரையில் ஒன்றுபோலவே நிற்கும். காட்சியில் நாய் இல்லையென்றால் பற்றி என்றே வாசியுங்கள்.

சொல் 'அத்', 'வந்நத்' என்று வல்லின மெய்யில் நின்றால் நம் குற்றியலுகரத்தைச் சேர்த்து முடியுங்கள். அவன், அவள், ஞான் போன்றவற்றை அப்படியே விடலாம். நம்பத் தகுந்தவை இரண்டு: 'இசட்-எச்' என்றால் ழ, 'என்-ஜே' பெரும்பாலும் ஞ. பேச்சு தெரிந்தவர் என்பதால் வாய்விட்டுப் படியுங்கள், பாதி சிக்கல் தீரும்.

இக்கதைகளை அப்படியே தமிழ் எழுத்துக்கு மாற்ற வழி உண்டா?
— வாசகர், அண்ணா நகர்

மங்கிலீஷிலிருந்து நேராக வேண்டாம். பனி-பணி குழப்பம் மென்பொருளுக்கும் உண்டு. கூகுளின் ஜிபோர்டு செயலியில் உள்ள மலையாள விசைப்பலகையில் ஒட்டினால் மாறாது. ஒவ்வொரு சொல்லாகத் தட்டி, மேலே வரும் பரிந்துரையைத் தொட வேண்டும். ஒரு அத்தியாயத்துக்குள் அலுத்துவிடும்.

மூலம் மலையாள எழுத்தில் இருக்கிறதா என்று அனுப்பியவரிடமே கேளுங்கள். இருந்தால், ஒரு மொழியின் எழுத்தை இன்னொன்றாக மாற்றித் தரும் அக்ஷரமுகா தளத்தில் உள்ளீடு மலையாளம், வெளியீடு தமிழ் என்று வைத்து ஒட்டுங்கள். ண, ள, ழ, ற எதுவும் கலங்காமல் வரும். எழுத்தின் தோளில் சின்னதாக 2, 3, 4 உட்கார்ந்தால் மிரள வேண்டாம்; தமிழில் ஒரே எழுத்தால் எழுதும் நான்கு ஒலிகளை அவை பிரித்துக் காட்டும். மணத்தைக் குறிக்கும் கந்தம் 'க³ந்த⁴ம்' என்று வரும்.

மலையாளக் கோப்பிலிருந்து எடுத்து ஒட்டியது ஆங்கிலக் குப்பையாகத் தெரிந்தால், அது எம்.எல்-டி.டி. வகைப் பழைய எழுத்துரு. பய்யன்ஸ் போன்ற எழுத்துரு மாற்றியில், இன்றைய பொதுக் குறியீடான யூனிகோடாக்கிவிட்டு மறுபடி ஒட்டுங்கள்.

பாட்டி சேர்த்துவைத்த மலையாள வார இதழ்த் தொடர்களை மங்கிலீஷில் தட்டிக் குழுவில் போடலாமா?
— வாசகி, அயனாவரம்

உரிமையாளர் அனுமதித்தால் போடலாம். எழுத்தை மாற்றியதால் கதை உங்களுடையது ஆகாது. 1957 பதிப்புரிமைச் சட்டப்படி, ஆசிரியர் இறந்ததற்கு அடுத்த ஆண்டு தொடங்கி 60 ஆண்டு உரிமை நீடிக்கும். 1937-ல் மறைந்த கொட்டாரத்தில் சங்குண்ணி தொகுத்த ஐதீகக் கதைகளுக்கு அந்தக் காலம் எப்போதோ முடிந்துவிட்டது. மலையாள விக்கிமூலத்தில் யூனிகோடிலேயே கிடைக்கின்றன. யட்சி, மந்திரவாதி, யானை, காயங்குளம் கொச்சுண்ணி என எல்லாம் உண்டு. குழுவில் வேறென்ன கேட்பார்கள்?