சட்டம் கேளுங்கள்: தடை இருந்தும் சுவர் எழும்பினால்?

கேள்வி: எங்கள் வீட்டுப் பாதையை மறித்துக் கட்டக்கூடாது என்று முன்சீப் கோர்ட்டில் இடைக்காலத் தடை வாங்கியிருந்தோம். சனி, ஞாயிறு இரண்டே நாளில் பக்கத்து மனைக்காரர் சுவர் எழுப்பிவிட்டார். நேராக ஹைகோர்ட்டில் அவமதிப்பு வழக்கு போடலாமா?

பதில்: கீழ்க்கோர்ட் உத்தரவை மீறியவரைத் தண்டிக்க, 1971-ம் ஆண்டு நீதிமன்ற அவமதிப்புச் சட்டத்தின் 10-வது பிரிவு ஹைகோர்ட்டுக்கு அதிகாரம் தருகிறது. ஆனாலும் பெரும்பாலும், 'அங்கேயே வழி இருக்கிறதே' என்று திருப்பி அனுப்பிவிடுவார்கள். அந்த வழி, உரிமையியல் நடைமுறைச் சட்டம் கட்டளை 39, விதி 2ஏ. தடை கொடுத்த கோர்ட்டிலேயே மனு போட வேண்டும். மீறியவரின் சொத்தை ஜப்தி செய்யலாம்; மூன்று மாதம் வரை சிவில் சிறையிலும் வைக்கலாம்.

மனுவோடு வரும் பிரமாணப் பத்திரத்தில் மூன்று தேதிகள் பிசகாமல் இருக்க வேண்டும்: உத்தரவு பிறந்த நாள், அது எதிர்த் தரப்புக்குத் தெரிந்த நாள், மீறிய நாள். இதில் நடுத்தேதியில்தான் பல மனுக்கள் விழுகின்றன. 'எனக்கு உத்தரவே வரவில்லை' என்பதுதான் எதிர்த் தரப்பின் முதல் பதிலாக இருக்கும். முறைப்படி சார்வு ஆகியிருக்க (கோர்ட் மூலம் கையில் சேர்ந்திருக்க) வேண்டும் என்பதில்லை, தெரிந்திருந்தாலே போதும். ஆனால் அதை நிரூபிப்பது உங்கள் வேலை. எதிர்த் தரப்பைக் கேட்காமல் தடை தரப்பட்டிருந்தால், மனு, பிராது (வழக்கு மனு), ஆவண நகல்களை உடனே பதிவுத் தபாலில் அனுப்பி, அனுப்பியதாக அன்றோ மறுநாளோ கோர்ட்டில் பிரமாணப் பத்திரம் தாக்கல் செய்ய வேண்டும் என்கிறது அதே கட்டளையின் விதி 3. அந்த ரசீதை இப்போது தேடி எடுங்கள். அதைச் செய்யாமல் விட்டிருந்தால் முதல் அடி உங்களுக்குத்தான்.

செல்போன் படங்களுக்கு பாரதிய சாட்சிய அதினியம் (புதிய சாட்சியச் சட்டம்) 63-வது பிரிவுச் சான்றிதழ் இணைக்க வேண்டும். அதைவிட, சிமென்ட் ஈரம் காய்வதற்குள் இடத்தை நேரில் பார்க்க கோர்ட் அனுப்பும் வக்கீல் கமிஷனரை நியமிக்க மனு போட்டு அறிக்கை வாங்கிவிடுவது நல்லது.

பலர் மறந்துவிடும் ஒன்று: அவர் சிறைக்குப் போனாலும் சுவர் அங்கேயே நிற்கும். அதை இடித்துப் பழைய நிலைக்குக் கொண்டுவர உரிமையியல் நடைமுறைச் சட்டம் 151-வது பிரிவில் தனி மனு வேண்டும். வழக்கில் தீர்ப்பாகி நிரந்தரத் தடை கிடைத்த பிறகு மீறினால் 2ஏ கிடையாது. கட்டளை 21, விதி 32-ன்படி நிறைவேற்று மனுதான்.

கேள்வி: ரிட் வழக்கில் ஹைகோர்ட் இடைக்கால உத்தரவு போட்டும் அதிகாரி அசையவில்லை. 'அப்பீல் போட்டாச்சு' என்கிறார்.

பதில்: அப்பீல் போட்டது வேறு, அதில் ஸ்டே வாங்கியது வேறு. ஸ்டே இல்லாதவரை உத்தரவு உயிரோடுதான் இருக்கிறது. உத்தரவு நகலோடு ஒப்புகை அட்டை வைத்து ஒரு கடிதம் அனுப்புங்கள். பிறகு, மீறிய நாளிலிருந்து ஓராண்டுக்குள் (அவமதிப்புச் சட்டம், பிரிவு 20) அவமதிப்பு மனு தாக்கலாக வேண்டும். பதவியை மட்டும் எழுதாமல், அந்த நாளில் பதவியில் இருந்தவரின் பெயரையும் போடுங்கள். மாற்றலாகிப் போனவர்மேல் ஏறும் பழி புதிதாக வந்தவர்மேல் ஏறாது. அதிகபட்சத் தண்டனை ஆறு மாத வெறுங்காவல், 2,000 ரூபாய் அபராதம், அல்லது இரண்டும். வேண்டுமென்றே மீறினார் என்பது தெளிவாக வேண்டும். உத்தரவின் வாசகம் இரண்டு பொருள் தந்தால், சந்தேகத்தின் பலன் அதிகாரிக்கே போகும்.

கேள்வி: ஆறு மாதம் ஆனால் ஸ்டே தானாகப் போய்விடுமா?

பதில்: விசாரணைகளை நிறுத்திவைத்த ஸ்டேக்களைப் பற்றி 2018-ல் உச்ச நீதிமன்றம் அப்படிச் சொன்னது. 2024 பிப்ரவரியில் ஐந்து நீதிபதிகள் அமர்வு அதை மாற்றிவிட்டது. ஆனால் உங்கள் உத்தரவில் 'அடுத்த வாய்தா வரை' என்று இருக்கிறதா என்று பாருங்கள். அன்று நீட்டித்ததாகக் குறிப்பு ஏறாவிட்டால், மறுநாள் நடந்ததை மீறல் என்று காட்டுவது கஷ்டம்.