கையாலும் காலாலும் ஆடும் ஆஸ்திரேலியக் கால்பந்தின் வீரர் கேரி ஆப்லெட் ஜூனியர் முன்களத்திலிருந்து மிட்ஃபீல்டுக்கு (நடுக்களம்) மாறியதால் என்ன கிடைத்தது?

2002-ல் ஜீலாங் அணியில் கோலடிக்கும் ஃபார்வர்டாகத்தான் தொடங்கினார். 2007-ல் நடுக்களத்தில் நிலைத்தார். அந்த ஆண்டும் 2009-லும் ஜீலாங்குக்குக் கோப்பை.

நடுக்கள வேலை லேசானதல்ல. அவர் ஆடிய காலத்தில் நடுவர் பந்தைத் தரையில் அடித்து எழுப்புவார், நெட்டையான ரக்மேன் எம்பித் தட்டுவார். அது விழும் இடத்தை முன்கூட்டியே கணித்து எடுக்கணும். இரண்டு பேர் இடுப்பைப் பிடித்துத் தொங்கினாலும் ஒரு கையில் பந்தை ஏந்தி, மறுகை முஷ்டியால் குத்தி சகாவுக்கு அனுப்பணும்; எறிந்தால் எதிரணிக்கு ஃப்ரீ கிக். இப்படி மோதுவதில் தோள்பட்டைதான் அடிவாங்கும். 2014-ல் அவருக்கும் அதுவே நடந்தது, சீசன் பாதியில் முடிந்தது.

லீக்கின் சிறந்த வீரருக்கான பிரவுன்லோ பதக்கம் இரண்டு முறை: 2009, பிறகு மாறிப் போன கோல்டு கோஸ்ட் அணியின் கேப்டனாக 2013. (ஆட்டத்துக்கு 3, 2, 1 என ஓட்டுப் போடுவது நடுவர்களே, பந்தருகே நிற்பவர்தானே அவர்கள் கண்ணில் படுவார்!) 2018-ல் ஜீலாங் திரும்பி, 2020 இறுதிப்போட்டியோடு 357 ஆட்டங்களில் ஓய்வு.