வாய்ப்பேச்சில் முடித்த நிலம்: கோர்ட்டில் நிற்குமா?

கன்னியாகுமரி மாவட்டம் தக்கலை பக்கத்திலிருந்து ஒரு வாசகர் கேட்கிறார்: "வீட்டை ஒட்டிய விளையில் (தோட்ட நிலத்தில்) 12 சென்ட், சென்ட்டுக்கு 2 லட்சம் என்று பேசி முடித்தோம். கூகுள் பேயில் 50,000, கையில் 3 லட்சம் அட்வான்ஸ் கொடுத்தேன். புரோக்கரும் விற்பவரின் மச்சானும் கூட இருந்தார்கள். தெரிந்த ஆள்தானே என்று எதுவும் எழுதவில்லை. மூன்று மாதத்தில் பத்திரம் என்றவர், இப்போது வேறொருவர் கூடுதல் விலை கேட்கிறார், உங்கள் அட்வான்ஸைத் திருப்பித் தருகிறேன் என்று வாட்ஸ்அப்பில் பேசி அனுப்பியிருக்கிறார். கோர்ட்டுக்குப் போகலாமா?"

போகலாம். நிலம் விற்பதாக வாயால் செய்த ஒப்பந்தமும் ஒப்பந்தம்தான். ஆனால் நிரூபிக்கும் சுமை முழுக்க உங்கள் தலையில். விலை, அளவு, எல்லை, பத்திரம் எழுதும் காலம் எல்லாவற்றிலும் இருவரும் ஒரே முடிவுக்கு வந்திருந்தார்கள் என்று காட்ட வேண்டும். 'பத்திரம் எழுதும்போது மற்றதைப் பேசிக்கொள்ளலாம்' என்று ஏதாவது மிச்சம் இருந்திருந்தால், அது வெறும் பேச்சுவார்த்தை என்று எதிர்த்தரப்பு வாதாடும்.

உங்கள் கையில் இருப்பதில் மிக வலுவானது அந்தக் குரல் பதிவு. 50,000 ரூபாயைக் கைமாற்றுக் கடன் என்று அவர் பின்னால் சொல்லக்கூடும். 'அட்வான்ஸ்' என்று அவர் வாயாலேயே வந்துவிட்டதால் அந்த வாதம் எடுபடுவது கடினம். போனை மாற்றாதீர்கள், அந்த உரையாடலை அழிக்காதீர்கள். மின்னணுப் பதிவைக் கோர்ட்டில் தாக்கல் செய்ய, பாரதிய சாட்சிய சட்டம் 63-ஆம் பிரிவின்படி சான்றிதழ் இணைக்க வேண்டும்.

சாட்சிகள்தான் பல வழக்குகளைக் கெடுப்பது. குறுக்கு விசாரணையில் 'பணத்தை யார் எண்ணினார், 500 ரூபாய்க் கட்டா, திண்ணையிலா உள்ளேயா, அப்போது மணி என்ன' என்று ஒவ்வொருவரிடமும் தனித்தனியாகக் கேட்பார்கள். மச்சான் உறவை விட்டு உங்கள் பக்கம் பேசுவார் என்று நம்பி இருக்காதீர்கள். அன்று நடந்ததை நினைவு மங்கும் முன் இன்றே எழுதி வையுங்கள். வக்கீலிடம் கொடுக்க அது போதும். பழைய தேதியிட்ட முத்திரைத்தாளில் 'எழுதிக்கொள்ளலாம்' என்று யாராவது யோசனை சொன்னால் அந்த ஆளை விட்டு விலகிவிடுங்கள். ஒரு போலித் தாள் உங்கள் உண்மையான வழக்கையும் கொன்றுவிடும், குற்ற வழக்கும் வரும்.

ரொக்கம் 3 லட்சம் ஒரு சிக்கல். நிலத்துக்கு 20,000 ரூபாயோ அதற்கு மேலோ ரொக்கமாக அட்வான்ஸ் வாங்கக் கூடாது என்பது வருமான வரிச் சட்டம். 2 லட்சமும் அதற்கு மேலும் ரொக்கமாகக் கொடுத்ததாக வழக்கில் சொன்னால் வருமான வரித் துறைக்குக் கோர்ட் தெரிவிக்க வேண்டும் என்று 2025-இல் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. அபராதம் அந்த ரொக்கத்தை வாங்கியவருக்குத்தான் என்றாலும் பணம் வந்த வழியை நீங்கள் காட்ட வேண்டியிருக்கும். வங்கியில் எடுத்த தேதி, நகைக் கடன் ரசீது இருந்தால் தேடி எடுங்கள்.

இன்னொன்று, பலர் தோற்பது இதில்தான்: மீதி 20.5 லட்சத்தைக் கொடுக்க ஆரம்பம் முதல் இன்றுவரை நீங்கள் தயாராகவும் விருப்பமாகவும் இருந்தீர்களா? கோர்ட் சொன்னாலொழிய பணத்தைக் கட்ட வேண்டியதில்லை. ஆனால் வங்கிக் கணக்கு, கடன் அனுமதிக் கடிதம் போன்றவற்றால் பணம் கைக்கு எட்டும் தூரத்தில் இருந்ததைக் காட்ட வேண்டும். இத்தகைய வழக்குகளுக்கான குறிப்பிட்ட நிவாரணச் சட்டத்தின் (Specific Relief Act) 2018 திருத்தத்துக்குப் பிறகும் இந்த நிபந்தனை மாறவில்லை.

வில்லங்கச் சான்று எடுத்து, விளை யார் பெயரில் இருக்கிறது என்று பாருங்கள். நம் மாவட்டத்தில் பாகம் பிரிக்காமல் அப்பா பெயரிலேயே கிடக்கும் நிலங்கள் ஏராளம். அண்ணன் பேசியது தங்கைகளின் பங்கைக் கட்டுப்படுத்தாது.

இந்த வாரமே வக்கீல் நோட்டீஸ் அனுப்புங்கள்: இன்ன தேதியில் பதிவு அலுவலகத்துக்கு வந்து பத்திரம் எழுதித் தர வேண்டும் என்று. வாங்க வரும் அந்த இன்னொருவருக்கும் ஒரு பிரதி போகட்டும். உங்கள் ஒப்பந்தம் தெரியாமல் நல்லெண்ணத்துடன் முழு விலை கொடுத்து வாங்கியவரிடமிருந்து நிலத்தை மீட்க முடியாது. நோட்டீஸ் கையில் கிடைத்தபின் தெரியாது என்று அவர் சொல்ல முடியாது. பிறகு காத்திருக்காமல், நிலத்தின் எல்லைக்குரிய பத்மநாபபுரம் கோர்ட்டில் வழக்கும், விற்கத் தடை கேட்கும் மனுவும் போடுங்கள். பத்திரத்துக்குக் குறித்த காலம் முடிந்ததிலிருந்து மூன்று வருடம் சட்டம் தருகிறது. ஆனால் விளை அதுவரை அவர் பெயரில் இருக்கும் என்று யாரும் உறுதி தர முடியாது.

கோர்ட் கட்டணம் விலைத் தொகையில் 3 சதவீதம், உங்களுக்கு 72,000 ரூபாய். வழக்கு மனுவிலேயே, நிலம் கிடைக்காவிட்டால் அட்வான்ஸை வட்டியுடன் திருப்பித் தரவேண்டும் என்ற மாற்றுக் கோரிக்கையையும் சேர்க்கச் சொல்லுங்கள். கேட்காத தொகையைக் கோர்ட் தானாகத் தராது.